சாமி ரூமுக்குப் போன கேசட்

என் மகன் தன்னுடைய வீடியோ கேம்களைச் சிநேகிதன் ஒருவனோடு பங்கு போட்டுக்கொள்கிறான். இவன் வாங்கியதை அவன் தன் வீட்டில் உட்கார்ந்து ஆடுகிறான். அவன் வாங்கியது இவனுக்கும் வந்துவிடுகிறது. கையில் எடுத்துக் கொடுக்க ஒரு பொருளும் கிடையாது, எல்லாம் இன்டர்நெட்டிலேயே முடிந்துவிடுகிறது. "நீங்கல்லாம் எப்படிப்பா ஷேர் பண்ணீங்க?" என்று ஒருநாள் கேட்டான். "கேசட்ட எடுத்துக்கினு பஸ்ல போவோம்" என்று மட்டும் சொல்லி நிறுத்திக்கொண்டேன். மீதியைச் சொல்ல ஆரம்பித்தால் எனக்கு வாய் கசக்கும்.

இங்கே சொல்லிவிடுகிறேன். முதலில் ஊதுவதைச் சொல்ல வேண்டும், அருவருப்பு அங்கிருந்துதான் ஆரம்பம். தொண்ணூறுகளில் டி.வி.யோடு இணைத்து ஆடும் கேம் பெட்டியில் கேசட் செருக வேண்டும். கேசட் என்றால் பாட்டுக் கேசட் இல்லை. கையகலப் பிளாஸ்டிக் கட்டி, அடிப்பக்கம் திறந்திருக்கும், உள்ளே வரிசையாகப் பித்தளை நிறத்தில் பற்கள். முதல் தடவை செருகினால் ஓடவே ஓடாது. வெளியே எடுத்து, திறந்த பக்கத்தில் வாயை வைத்து பலமாக ஊதி, மறுபடி செருக வேண்டும். ஊதுவது என்றால் வெறும் காற்றா போகும்? முறுக்கு தின்ற வாய், சளி பிடித்த வாய், காலையில் பல் தேய்த்ததா இல்லையா என்றே தெரியாத வாய். மூன்று பையன்களின் எச்சில் காய்ந்து கிடந்த அந்தச் சனியனை நாங்கள் தங்கம் மாதிரி பொத்திப் பொத்தி எடுத்துப் போனோம். இப்போது நினைத்தால் எனக்கே குமட்டுகிறது.

மூன்று பேரும் அடையாறில் ஒரே பள்ளிக்கூடம், ஒரே வகுப்பு. ஒருத்தன் மயிலாப்பூர், குளத்துக்குப் பக்கத்துத் தெருவில் சொந்த வீடு, அப்பா கல்லூரியில் பேராசிரியர். இன்னொருத்தன் தி. நகர். அவன் குடும்பம் திருநெல்வேலிப் பக்கத்திலிருந்து வந்து பாத்திரக்கடை வைத்தது, கடைக்கு மேலேயே வீடு. மூன்றாவது நான், ஊரூர் குப்பம். அப்பா கடலுக்குப் போவார், அம்மா அலுமினியக் கூடையில் மீன் எடுத்துக்கொண்டு பெசன்ட் நகர் தெருக்களில் விற்பாள்.

அவர்கள் இரண்டு பேரிடமும் கேம் பெட்டி இருந்தது, என்னிடம் இல்லை. ஆனால் என்னிடம் கேசட் இருந்தது. அம்மாவின் தம்பி, என் மாமா, கப்பலில் சமையல்காரர். ஒரு தடவை ஊர் திரும்பும்போது சிங்கப்பூரில் எனக்காக அதை வாங்கி வந்தார். டி.வி.க்குப் பின்னால் செருகினால் போதும், படம் ஓடும் என்று அவராகவே நினைத்துக்கொண்டார். எங்கள் கறுப்பு வெள்ளை டி.வி.க்குப் பின்னால் அரைமணி நேரம் துளை தேடினோம். மாமா முகம் தொங்கிப்போனது. அடுத்த திங்கட்கிழமை பள்ளிக்கூடத்தில் அதைக் காட்டிய பிறகுதான் எனக்கு அதன் மதிப்பு தெரிந்தது. அவர்கள் வைத்திருந்ததெல்லாம் ஒரு கேசட்டுக்கு ஒரு கேம். மாமா வாங்கியதில் ஒன்றுக்குள்ளேயே கணக்கில்லாமல் இருந்தன, டாங்கி, பைக், மல்யுத்தம், பறவை சுடுவது என்று.

ஒப்பந்தம் அன்றைக்கே முடிவானது. மூன்று பேரின் கேசட்டும் மூன்று பேருக்கும் பொது. என்னுடையது ஒரு வாரம் மயிலாப்பூரில், ஒரு வாரம் தி. நகரில். சனிக்கிழமை நானே எடுத்துப் போய்க் கொடுப்பேன், அடுத்த வெள்ளிக்கிழமை பள்ளிக்கூடத்தில் திரும்ப வாங்கிக்கொள்வேன். அது எந்த வீட்டில் இருக்கிறதோ அந்த வீட்டு டி.வி.க்கு முன்னால் எனக்கும் இடம் உண்டு. கேசட் இல்லையென்றால் இடம் இல்லை. யாரும் இதை வாய்விட்டுச் சொல்லவில்லை, எனக்கே தெரியும். கேசட் இல்லாமல் அந்த வாசல்களில் போய் நின்றால் நான் யார்?

தி. நகர் வீட்டில் ஒரு பிரச்சினையும் இல்லை. படியேறும்போதே அவன் அம்மா, "வாய்யா, சாப்பிட்டியா?" என்பார். பதிலைக்கூடக் கேட்காமல் தட்டு வந்துவிடும். கீழே கடையில் குடம் தட்டும் சத்தத்துக்கு நடுவில் சாயங்காலம் வரை ஆடுவோம்.

மயிலாப்பூர் வீட்டில் வேறு மாதிரி. அங்கேயும் உபசாரத்துக்குக் குறைவில்லை. "வாடா கொழந்தே, ஒக்காரு. வெயில்ல வந்திருக்கே" என்று அவன் அம்மா, எங்களுக்கு மாமி, ஃபேனைப் போடுவார். என் சிநேகிதன் கேசட்டை வாங்கிக்கொண்டு, "இருடா, சாமி ரூம்ல வெச்சுட்டு வந்துடறேன்" என்று உள்ளே போய்விடுவான். ஹாலில் உட்கார்ந்து நான் தட்டையைக் கடித்துக்கொண்டிருப்பேன். கொஞ்ச நேரம் கழித்து வருவான். கேசட் லேசாக ஈரமாக இருக்கும். தீர்த்தம் தெளித்திருக்கிறார்கள் என்று நினைத்துக்கொண்டேன்.

எனக்குப் பெருமை தாங்கவில்லை. அவனுடைய கேசட்டையெல்லாம் அவன் கட்டிலுக்கடியில் போட்டு வைத்திருந்தான். என் கேசட்டுக்கு மட்டும் சாமி ரூம். வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். "மெய்யாலுமா? நம்ம பொருளயா?" என்று அம்மா இரண்டு தடவை கேட்டாள். பக்கத்து வீட்டிலும் போய்ச் சொல்லிவிட்டு வந்தாள். இப்படியும் ஒரு முட்டாள் இருப்பானா என்று கேட்டால், இருந்தான், நான்தான்.

சில மாதம் போனதும் கேசட் மக்கர் செய்ய ஆரம்பித்தது. திரை சாம்பல் நிறத்தில் நின்றுவிடும், இல்லாவிட்டால் கட்டம் கட்டமாகத் துடிக்கும். ஊதினோம், இன்னும் பலமாக ஊதினோம். முன்பு ஒருமுறை ஊதினால் ஓடியது, பிறகு கன்னம் வலிக்கும்வரை ஊத வேண்டியிருந்தது. மயிலாப்பூர்க்காரன் என்னை ஊத விடமாட்டான், "நீ விடு, நானே ஊதறேன்" என்பான். அதையும் அன்பு என்று எடுத்துக்கொண்டேன். உள்ளே பற்களில் பச்சையாகப் பூத்திருந்தது. "உங்க வீட்டு உப்புக்காத்துடா. துரு ஏறுது" என்றான். தி. நகர்க்காரனும் ஆமாம் போட்டான். நான் நம்பினேன். இடம் போய்விடுமோ என்ற பயத்தில், வீட்டில் இருக்கும் வெள்ளிக்கிழமை ராத்திரிகூடக் காற்றுப் படக்கூடாது என்று பிளாஸ்டிக் கவரில் சுற்றி அரிசி டின்னுக்குள் புதைத்து வைத்தேன்.

ஒரு சனிக்கிழமை மயிலாப்பூர் போயிருந்தபோது வயிறு சரியில்லை. பஸ்ஸிலேயே புரட்டிக்கொண்டு வந்தது. அடையாறு பாலத்தில் ஆற்று நாற்றத்துக்கு எல்லோரையும் போல மூக்கைப் பிடித்துக்கொண்டேன், அதில் இன்னும் மோசமானது. வழக்கம் போல அவன் கேசட்டோடு உள்ளே போனான். எனக்கு உட்கார முடியவில்லை. பின்கட்டில் கழிப்பறை இருக்கும் என்று தெரியும், கூப்பிட்டுப் பார்த்தேன், யாரும் வரவில்லை. நானே போனேன்.

கிணற்றடியில் குழாய்க்குக் கீழே மாமி குந்தி உட்கார்ந்திருந்தார். இடது கையில் என் கேசட். வலது கையால் செம்புத் தண்ணீரை அதன் திறந்த பக்கத்தில் ஊற்றி ஊற்றி அலசிக்கொண்டிருந்தார். என் சிநேகிதன் தோளில் துண்டோடு பக்கத்தில் நின்றான். மாமி நீட்டியதும் வாங்கிக் கவிழ்த்துத் தட்டி, உதறி, துண்டின் முனையைத் திரித்து உள்ளே விட்டுத் துடைத்தான். தினம் பல் தேய்ப்பவன் மாதிரி அவ்வளவு பழக்கமாகச் செய்தான். பிறகுதான் என்னைப் பார்த்தான்.

மாமி கொஞ்சமும் பதறவில்லை. அதைத்தான் என்னால் இன்றுவரை பொறுக்க முடியவில்லை. "நீ ஏண்டா இங்க வந்தே? ஒண்ணுமில்லே கொழந்தே, வாயை வெச்சு ஊதறேளோன்னோ, எச்சல். அதான் அலம்பிட்டு உள்ளே கொண்டுபோகச் சொல்றேன்" என்றார், சிரித்துக்கொண்டே.

"இவனோட கேசட்டயும் அலம்புவீங்களா மாமி?"

"அது எங்காத்துதுடா."

"தி. நகர்லேந்து வர்றது?"

அதற்கு அவர் கொஞ்சம் யோசித்தார். "நீ சமுத்திரக்கரைலேர்ந்து வரயோன்னோ. ஒரு வாடை இருக்கு. ஒன்னைச் சொல்லலேடா, அதைச் சொல்றேன். தப்பா எடுத்துக்காதே" என்றார்.

தப்பா எடுத்துக்காதே. திட்டியிருந்தால் திட்டிவிட்டு வந்திருப்பேன். இந்தச் சிரிப்பையும் கொழந்தேயையும் என்ன செய்வது? இதே கையால்தானே எனக்குத் தட்டை கொடுத்தார்? அவன் கையிலிருந்து கேசட்டைப் பிடுங்கினேன். வாய் நிறைய எச்சிலைச் சேர்த்துக்கொண்டு, அதில் வாயை வைத்து, மூச்சு முட்டும்வரை ஊதினேன். உள்ளே தேங்கியிருந்த தண்ணீர் பீய்ச்சிக்கொண்டு அவன் முகத்தில் அடித்தது. மாமி, "சிவ சிவா" என்று பின்னால் நகர்ந்தார். என் சிநேகிதன் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். நான் ஹால் வழியாகவே செருப்பைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்துவிட்டேன்.

நேராக தி. நகருக்குப் பஸ் ஏறினேன். அங்கே போட்டுப் பார்த்தோம். சாம்பல் திரை. ஊதினோம், ரப்பரால் பற்களைத் தேய்த்தோம், வெயிலில் காயவைத்தோம். மறுபடி சாம்பல் திரைதான். அப்போது அவனிடம் நடந்ததைச் சொன்னேன். கொதித்து எழுவான் என்று எதிர்பார்த்தேன். அவன் கேசட்டைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே, "தெரியும்ல" என்றான்.

"தெரியுமா?"

"ஒருநா நானும் பாத்தேன். உன்னுதத் தான் கழுவுனாங்க. என்னுத ஒண்ணும் செய்யல."

"அப்ப ஏன்டா என்கிட்ட சொல்லல?"

"சொன்னா நீ கேசட்டத் தரமாட்டல்லா" என்றான். அதில் ஒளிவுமறைவே இல்லை, கடையில் சரக்கைப் பற்றிப் பேசுகிறவன் மாதிரி சொன்னான். உப்புக்காற்று என்று இவனும்தானே தலையாட்டினான். கொஞ்ச நேரம் கழித்து அவனுடைய கேசட்டைப் போட்டுத் தனியாக ஆட ஆரம்பித்தான். நான் அவன் பின்னால் நின்று பார்த்தேன். உட்காரச் சொல்லவில்லை. அவன் அம்மா கொண்டுவந்து வைத்த சாப்பாட்டைத் தொடாமல் கிளம்பினேன். எனக்கு அந்த வீடும் வேண்டாம், இந்த வீடும் வேண்டாம், இவன்கள் இரண்டு பேர் மூஞ்சியும் வேண்டாம் என்றிருந்தது.

குப்பத்துக்கு வந்தபோது அம்மா வியாபாரம் முடிந்து திரும்பி, வாசலில் கூடையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் கொட்டினேன். சாமி ரூம் பொய், அலசினது, வாடை என்று சொன்னது, கேசட் செத்துவிட்டது, எல்லாம். மூன்று தெரு கேட்க அம்மா வாயைத் திறப்பாள், நாளைக்கே மயிலாப்பூர் போய் அந்தத் தெருவை உண்டு இல்லை என்று ஆக்குவாள் என்று காத்திருந்தேன். அம்மா அப்படிப்பட்டவள்தான். மீனைக் குறை சொன்ன ஒரு அதிகாரியம்மாவைப் பெசன்ட் நகரில் தெருவே வேடிக்கை பார்க்க வாங்கு வாங்கென்று வாங்கியவள்.

அம்மா கூடையைக் கீழே வைத்தாள். "இன்னா போட்டு கழுவினாங்க, நைனா?" என்று கேட்டாள்.

"ஒண்ணும் போடல. வெறும் தண்ணி."

"சோப்பு போடலியா?"

"இல்ல. எதுக்கு கேக்குற?"

அவள் கையைப் புடவையில் துடைத்துக்கொண்டு கேசட்டை வாங்கினாள். திறந்த பக்கத்துக்குள் எட்டிப் பார்த்தாள். பிறகு மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்தாள். முகம் என்னவோ போல ஆனது.

"சாமி ரூமுக்குப் போவுதுன்னு சொன்னியே. நம்ம ஊட்ல கீற நாத்தம் அவங்க சாமிக்கு ஆவாதுன்னு, நீ எந்திரிக்கறதுக்கு முன்னாடியே டின்ல இருந்து எடுத்து, நான் சோப்புத்தண்ணில முக்கி முக்கி எடுத்துக்கினு இருந்தேன்" என்றாள். "எல்லா வாரமும். தண்ணில ஒண்ணும் ஆயிருக்காது நைனா. சோப்புதான் அரிச்சிருக்கும். நான்தான் கெடுத்துட்டேன்."

"நீ இல்லம்மா" என்றேன். காதில் வாங்கவே இல்லை. அந்த மாமியைப் பற்றி ஒரு சொல், ஒரே ஒரு சொல் அவள் வாயிலிருந்து வரவில்லை. என்னைத் தொடப் போனவள், தன் கையைப் பார்த்துவிட்டு, மறுபடி புடவையில் துடைத்துக்கொண்டாள்.

"உங்க மாமாகிட்ட சொல்லிடாத" என்றாள். "கஷ்டப்பட்டு வாங்கியாந்துச்சு."