சாம்பல் அட்டையில் சிவப்பு

ஆய்வுக்கூடத்தில் அவளைக் "காக்கா அக்கா" என்றுதான் கூப்பிடுவார்கள். பத்து வருடமாகக் கறுப்புச் சட்டை, கறுப்புப் பேன்ட், கறுப்புச் செருப்பு. வேறு கோளில் இறங்கப்போகும் விண்கலத்தின் கேமராக்களுக்கு நிறம் சரிபார்ப்பது அவள் வேலை. கறுப்புச் சுவர் அறை, ஒரே விளக்கு, எதிரே ஒரு சாம்பல் அட்டை. கேமராவும் அதைச் சாம்பல் என்றே சொல்ல வேண்டும். பக்கத்தில் யாராவது பளிச்சென்ற உடுப்பில் நின்றால் அந்த நிறம் அட்டையில் ஒட்டிக்கொள்ளும். ஓவிய ஆசிரியரான கணவர், "கல்யாணத்துக்காவது கலரா ஒண்ணு போட்டுக்கயேன், துக்கம் கேக்க வந்த மாதிரி இருக்கு" என்று தலையில் அடித்துக்கொள்வார். அவள் காதில் போட்டுக்கொள்ளவே மாட்டாள்.

ஒரு நாள் மாலை வந்தது வில்லங்கம். இரண்டு வருடம் பிள்ளை மாதிரி பார்த்துக்கொண்ட கேமரா, அட்டையின் ஓரத்தைச் சிவப்பாகக் காட்டியது. தலைமைப் பொறியாளர் கறாராகச் சொல்லிவிட்டார்.

"அஞ்சு மணிக்குள்ள காரணம் தெரியணும்மா. இல்லன்னா இதை அலமாரியில வச்சிட்டு மாத்துக் கேமராவை அனுப்பிடுவோம்."

எடுத்த அறுபது படங்களையும் ஒவ்வொன்றாகப் பார்த்தாள். நாற்பது வரை சுத்தம். நாற்பத்தொன்றிலிருந்து சிவப்பு. அந்த இருபதும் மூன்று பத்திலிருந்து மூன்று இருபத்தைந்துக்குள் எடுத்தவை. அவளுக்குச் சட்டென்று நினைவு வந்தது: அந்த நேரத்தில்தான் ஒருவர் உள்ளே வந்து, "எப்படிம்மா போகுது?" என்று கேட்டபடி அட்டைக்குப் பக்கத்திலேயே கால் மணி நேரம் நின்றார். திரையிலிருந்து தலையைத் தூக்காமலே, "நல்லா போகுது சார்" என்றிருந்தாள் இவள். அந்தக் குரல் சாட்சாத் தலைமைப் பொறியாளருடையது. சற்றுமுன் கெடு வைத்தபோதும் அவர் போட்டிருந்தது சிவப்பு ஸ்வெட்டர்.

ஓடிப்போய் அவரைக் கூட்டிவந்தாள்.

"சார், முன்னாடி நின்ன இடத்துலயே நில்லுங்க." படத்தில் சிவப்பு.

"இப்ப வெளிய போங்க சார்." சுத்தச் சாம்பல்.

பொறியாளரின் முகம் ஸ்வெட்டரோடு போட்டி போட்டது. மளமளவென்று கழற்றினார். உள்ளே கிளிப்பச்சைச் சட்டை!

"ஐயோ சார், அதுக்கு ஸ்வெட்டரே தேவலை!"

சத்தம் கேட்டு வாசலில் கூடிய சக ஊழியர்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். அவர் கதவுக்கு வெளியே காவல் நிற்க, கடைசி இருபது படங்களையும் புதிதாக எடுத்தாள். நாலே முக்காலுக்கு எல்லாம் சரியாகிவிட்டது.

ஒன்று மட்டும் மிச்சம். அறிக்கையில் "கோளாறுக்குக் காரணம்" என்று ஒரு கட்டம். மேலதிகாரியை அதில் எப்படி எழுதுவது? பேனாவோடு வெளியே போய், காவல் நின்றவரிடம் அந்தக் கட்டத்தைக் காட்டினாள். அவர் தாளை இழுத்து, பெரிய எழுத்தில் "நான்" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டார்.

அக்கா கண்ணில் நீர் முட்டும்வரை சிரித்தாள். அவளுடைய கேமரா போகிறது.