ஆளில்லாத மைக்குக்கு வாசித்தவர்கள்

பிரிக்பீல்ட்ஸ் சாப்பாட்டுக் கடையில் என் தே தாரேக் டீ ஆறிக்கொண்டிருந்தபோதுதான் தோன்றியது: அண்ணனைப் பாட வைக்கலாமே!

சுவர் டிவியில், இறந்துபோன ஸ்பானிய மொழிப் பாடகர் ஒருவருக்கு அஞ்சலி நிகழ்ச்சி. மேடை நடுவில் ஆளில்லாத மைக். அதன்மேல் மட்டும் வெளிச்சம். பின்திரையில் பழைய வீடியோவில் அவர் பாட, இசைக்குழு அந்தக் குரலுக்கு நேரடியாக வாசித்தது. எங்கள் அண்ணன் பாடும் அதே பாட்டு.

"தங்கச்சி, ஃபுட்பால் ஆரம்பிச்சிருச்சு லா, மாத்தவா?" என்றார் கடைக்காரர்.

"அண்ணே, ப்ளீஸ், இந்தப் பாட்டு மட்டும்!"

என் சின்ன வயதில் அம்மா மத்தியானம் பார்த்த ஸ்பானியத் தொடரின் முகப்புப் பாட்டு அது. வசனத்துக்குக் கீழே மலாய் எழுத்து ஓடும், பாட்டுக்கு ஓடாது. இவ்வளவு உருகுகிறாரே, காதல் பாட்டுதான் என்று நாங்களே முடிவுகட்டினோம். அண்ணன் காதால் கேட்டே மனப்பாடம் செய்து, எங்கள் ஊரான கிள்ளானின் கல்யாண மண்டபங்களில் கீபோர்டோடு பாடினான், மாப்பிள்ளையும் பெண்ணும் கேக் வெட்டும் நேரத்தில்.

இன்று பாட்டுக்கும் எழுத்து ஓடியது. செத்துப்போன மனைவியை, ஒரே ஒரு தடவை வந்து கதவைத் தட்டச் சொல்லி ஒருவன் கெஞ்சுகிறான்.

அண்ணன் பைக் விபத்தில் போய் வருஷமாகப் போகிறது. அதிலிருந்து வீட்டில் பாட்டே கிடையாது. டிவிகூட ஊமையாகத்தான் ஓடும். நான் ரயில் பிடித்துக் கிள்ளான் வந்து சேர்ந்தபோதும் அப்படித்தான் ஓடிக்கொண்டிருந்தது.

"அண்ணன் பாட்டு வந்துச்சு டி," என்றார் அம்மா.

"சத்தமே இல்லாம எப்படிம்மா தெரிஞ்சுது?"

"எழுத்தப் படிக்கல, வாயத்தான் பாத்தேன்."

அர்த்தத்தைச் சொன்னேன். அம்மா வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். "அடப்பாவி! எத்தனை கல்யாணத்துல பாடியிருக்கான்!" சிரிப்பு பாதியில் நின்றது. இரண்டு பேருமே கதவைப் பார்த்தோம்.

"திதியன்னிக்கு அவன் குரலப் போட்டு நான் கீபோர்டு வாசிக்கட்டுமாம்மா?"

"குரலுக்கு எங்க போவ?"

"மாமா மக கல்யாண வீடியோவுல இருக்கு."

அம்மா டிவியை அணைத்தார். "மொதல்ல நீ கேளு. அழாம கேக்க முடிஞ்சா, எனக்குப் போடு."

நாளைக்கு சாலாக் செலாத்தான் போய் மாமா மகளிடம் வீடியோவை வாங்க வேண்டும். கட்டிலுக்கடியில் கிடந்த கீபோர்டைத் துடைத்து வைத்துவிட்டேன். இரண்டாவது வரிக்கு முன்னால் அண்ணன் நீளமாக மூச்சு இழுப்பான். அந்த இடத்தில் அவசரப்படாமல், கையை எடுத்துக் காத்திருக்கப் பழகணும்.