ப்ரூயிட்டுக்கும் ரான்சமுக்கும் நடுவே

ஆண்டுதோறும் மே மாதக் கடைசியில், கல்லறைகளுக்கு லைலாக் பூ வைக்கும் நாளில், கேப்டன் ஹோசியா டார்பெல் ஊர் மன்றத்துப் படியில் நின்று, உள்நாட்டுப் போரிலிருந்து திரும்பாத தம் ஆட்களின் பெயர்களை வாசிப்பார். ப்ரூயிட் என்றதும் நிறுத்துவார். மூக்குக் கண்ணாடியைக் கழற்றித் துடைப்பார். அப்புறம்தான் ரான்சம். வெயில் கூசுகிறது என்று ஊரார் நினைத்தார்கள். ஆங்கில அகரவரிசைப்படி அந்த இடத்தில் வர வேண்டிய பெயர் குயிம்பி என்று ஆர்ஃபாவுக்குத் தெரியும். லைமன் குயிம்பி அவள் கணவன். படைப் பதிவேட்டில் அவன் ஓடிப்போனவன்.

படையில் சேர்ந்த ஊர்ப் பையன்களே கைதூக்கித் தேர்ந்தெடுத்த கேப்டன் அவர். அதுவரை தோல் பதனிட்டுக்கொண்டிருந்தவர். போர் முடிந்து பல ஆண்டு கழித்து, மாநில சட்டசபைக்கு முதல்முறை நின்ற இலையுதிர் காலத்தில், ஆர்ஃபாவின் சமையலறைக்கு வந்து உட்கார்ந்தார்.

"நான்தான் அனுப்பினேன், ஆர்ஃபா. கர்னலைக் கேக்காம. அக்கரையில ஒரு படகு கிடந்துச்சு, நீஞ்சிப் போய் அவுத்துட்டு வாடான்னேன். ஆத்துல வெள்ளம். அவன் வரலை. காலைல கர்னல் ஆள் எங்கேன்னாரு. ஓடிட்டான்னு வாயில வந்துருச்சு."

ஆர்ஃபா ஆப்பிள் சீவிய கத்தியை மேசைமேல் வைத்தாள். "இதையே எழுதிக் கையெழுத்துப் போட்டுக் கொடுங்க."

"தேர்தல் முடியட்டும்."

ஆறு தேர்தல் முடிந்தது. அண்டைவீட்டார் கொடுத்த பதவி. அண்டைவீட்டார் முன்னால் தலைகுனிய அவரால் முடியவில்லை. வசந்தத்தில் மேப்பிள் சர்க்கரைக் கட்டி கொண்டுவந்து தருவார்.

"சட்டம் எழுதுற கைக்கு ஒரு வரி எழுத வராதா, கேப்டன்?"

"இந்தக் கூட்டத்தொடர் முடியட்டும்."

"அதுக்குள்ள என் ஆயுசு முடிஞ்சிரும்."

"உனக்கா? யமனையே வாசல்ல நிக்கவச்சு விறகு பொளக்கச் சொல்லுவியே நீ!"

அவளுக்கும் சிரிப்பு வந்துவிடும். அவளே ஊரில் சொல்லியிருக்கலாம். ஓடுகாலியின் மனைவி வேறென்ன சொல்வாள் என்பார்கள். அது மட்டும்தான் காரணமா? கண்ணாடி துடைக்கும் அந்த ஒரு கணம் லைமனுக்கானது, அதை அறிந்தவர்கள் உலகத்தில் இரண்டே பேர். சில ஆண்டுகள் அதுவே போதுமென்று இருந்துவிட்டோமோ என்று பின்னாளில் தன்னையே கேட்டுக்கொண்டாள்.

ஒரு பிப்ரவரியில் கேப்டனுக்குப் பக்கவாதம் வந்து வலது கையும் நாக்கும் போயின. ஆர்ஃபா காகிதத்தோடு பனியில் நடந்து போனாள். பேனாவை அவர் விரல்களுக்குள் வைத்து மூடினாள். அது போர்வையில் விழுந்து மை கொட்டியது. அவர் கண்ணில் நீர் வழிந்தது. துடைத்துவிட்டு வந்தாள். மூன்றாம் நாள் கேப்டன் இறந்தார். மாநிலத் தலைநகர் மான்ட்பீலியரிலிருந்து சட்டசபைக்காரர்கள் வந்து நல்ல நல்ல வார்த்தைகள் பேசினார்கள்.

அந்த மே மாதம் இளம் வக்கீல் ஒருவர் படியேறினார். கணீரென்ற குரல், கூர்மையான கண்.

"ப்ரூயிட். ரான்சம்."

நடுவே மூச்சுகூட விடவில்லை. ஆர்ஃபா கையில் லைலாக் கொத்தோடு நின்றாள். கொண்டுபோய் வைக்க லைமனுக்குக் கல்லறை இல்லை. கேப்டன் எழுத வேண்டிய அந்த ஒரு வரி பாக்கியாகவே நின்றது.