ரெண்டாவது குவாட்டர்பேக்கின் வயித்தெரிச்சல்

குவாட்டர்பேக் வேலையில இருக்கிற பெரிய கரைச்சல், அது ஒரு நேரத்தில ஒரு ஆளுக்குத்தான் கிடைக்கும். அமெரிக்கன் ஃபுட்போலில பந்தைக் கையில எடுத்து, ஆருக்கு எறியிறது, எப்ப ஓடுறது எண்டு பார்க்கிற ஆள் அவன். மற்ற இடங்களில ஆக்களை மாத்தி மாத்தி இறக்குவினம். குவாட்டர்பேக்கை மாத்த மாட்டினம். அவன் விழுந்து எழும்பாமல் கிடந்தால்தான் ரெண்டாவது ஆள் உள்ளுக்குப் போகலாம். அந்த ரெண்டாவது ஆள் நான். லண்டனில யூனிவர்சிட்டிக்கு விளையாடேக்கையும் அப்பிடித்தான், பேந்து சம்பளத்துக்கு விளையாடேக்கையும் அப்பிடித்தான். வேலையிலயோ வீட்டிலயோ எங்கயாவது ரெண்டாவது ஆளா நிண்டு வயிறெரிஞ்சவை எல்லாரும் கிட்ட வாங்கோ, உங்களுக்குத்தான் சொல்லுறன்.

சென்னையில இருந்து வந்த கை

முதல் வருசம் முழுக்க நான் பொறுமையாக் காத்திருந்தனான். எங்கட யூனிவர்சிட்டி அணியின்ர குவாட்டர்பேக் படிப்பு முடிச்சுப் போறார், அடுத்தது நான்தான் எண்டு நாங்கள் இருக்கிற ஃபாரஸ்ட் கேட் முழுக்கச் சொல்லியும் போட்டன். செப்டம்பரில மாஸ்டர்ஸ் படிக்கச் சென்னையில இருந்து வந்து இறங்கினான் கார்த்திக். நல்ல நெடுவல். இந்த விளையாட்டை டிவியில கூட ஒழுங்காப் பார்த்ததில்லையாம். மைதானத்துப் பக்கம் சும்மா வேடிக்கை பார்க்க வந்தவன், வெளியில வந்து விழுந்த பந்தை எடுத்து, கிரிக்கெட்டில பவுண்டரியில இருந்து எறியிற மாதிரித் திருப்பி எறிஞ்சான். அது மற்றப் பக்கத்தில நிண்டவன்ர நெஞ்சில போய் விழுந்தது. இத்தனைக்கும் காலில செருப்பு!

எங்கட கோச் ஒரு வெள்ளைக்காரர், சிரிக்கிறதே அருமை. அண்டைக்கு அவருக்கு வாய் காதுவரைக்கும் போனது. இனி என்ர கதை முடிஞ்சுது எண்டு எனக்கு அப்பவே விளங்கீற்றுது. கோச் என்ர தோளில தட்டிச் சொன்னார்: "நல்லதாப் போச்சு, இனி உனக்கு ஒரு பதட்டமும் இல்லை."

மீன் தலை

சரி, மைதானத்திலதான் அப்பிடி, வீட்டிலயாவது நான் முதல் ஆள் எண்டு நினைச்சன். தனிய இருக்கிற ஒரு தமிழ்ப் பெடியன் பாணும் ஜாமும் திண்டு விளையாடுறான் எண்டு அம்மாவுக்கு வாய் தவறிச் சொன்னது என்ர பிழை. அடுத்த ஞாயிறே கார்த்திக் எங்கட வீட்டு மேசையில. "ஆன்ட்டி, இந்த சொதி சூப்பர் ஆன்ட்டி" எண்டு ஒரே ஐஸ். இடியப்பத்துக்குச் சொதியைக் குடம் குடமா ஊத்திறான் பாவி. நான் சொதியைப் பற்றி ஒரு நாளும் ஒரு வார்த்தை சொன்னதில்லை. ஒவ்வொரு கிழமையும் திண்டிருக்கிறன், அது காணாதோ?

எங்கட வீட்டில மீன் குழம்பு வைச்சால் தலை எனக்குத்தான். சின்ன வயசில இருந்து அப்பிடித்தான். அண்டைக்கு அம்மா சட்டியைத் துழாவி, தலையை எடுத்து, என்ர சோத்துக் கோப்பையைத் தாண்டிக்கொண்டு போய் அவன்ர கோப்பையில வைச்சா. எனக்கு வால் துண்டு. என்னம்மா இது எண்டு கேட்டன். அம்மா கொஞ்சமும் யோசிக்கேல்லை: "அவன் ஓடி எறியிற பிள்ளை, நீ சும்மா நிக்கிறனிதானே."

பிள்ளையார் சிக்னல்

சும்மா நிக்கேல்லை. எனக்கும் ஒரு வேலை இருந்தது. அடுத்து என்ன செய்யிறது எண்டு கோச் எனக்குச் சொல்லுவார், நான் கோட்டுக்கு வெளியில நிண்டு கார்த்திக்குக் கைச் சைகை காட்ட வேணும். எதிரணி கண்டுபிடிக்கக்கூடாது எண்டு நான் எங்கட ஆக்களின்ர சைகையாப் பார்த்து வைச்சன். தோசை வார்க்கிற மாதிரிக் கையைச் சுத்தினால் தூர எறி. பிள்ளையாருக்குக் குட்டிக் கும்பிடுற மாதிரி நெத்தியில குட்டினால் நீயே கொண்டு ஓடு. இந்த மூளையை ஒருத்தரும் பாராட்டேல்லை, அது வேற கதை.

ஃபைனலுக்குப் போறதா இல்லையா எண்ட மேட்ச், கடைசி நிமிசம். கோச் தூர எறியச் சொன்னார். நான் வடிவாத் தோசை வார்த்தன். எனக்குப் பின்னால கயித்துக்கு அங்கால நிண்ட அம்மாவுக்குப் பதட்டம் தாங்கேல்லை. கையை மாறிப் போட்டு, "பிள்ளையாரப்பா" எண்டு நெத்தியில குட்டத் தொடங்கீற்றா. கார்த்திக் பார்த்தது என்னை இல்லை, அம்மாவை. எதிரணி முழுக்கத் தூர எறிவான் எண்டு பின்னுக்கு ஓட, இவன் பந்தைக் கக்கத்தில வைச்சுக்கொண்டு நடுவால ஓடிப் போய்ப் புள்ளி எடுத்துப்போட்டான். அவனைத் தூக்கினாங்கள். அவன் அம்மாவைக் காட்ட, அம்மாவுக்கும் கைதட்டினாங்கள். தோசை வார்த்த கையோட நிண்டவனை ஆர் பார்த்தது? கோச் மட்டும் என்னட்டை வந்து கேட்டார்: "அந்த அம்மாவுக்கு அடுத்த கிழமையும் வர ஏலுமோ?"

அவன் வாங்கித் தந்த வேலை

படிப்பு முடிய, லண்டனில புதுசாத் தொடங்கின ஒரு தொழில்முறைக் கிளப்பில ஆள் தெரிவு நடந்தது. ரெண்டு பேரும் போனம். சத்தியமாச் சொல்லுறன், அண்டைக்கு நான் நல்லா எறிஞ்சன். கார்த்திக்குத் தடிமன், மூக்கை உறிஞ்சி உறிஞ்சி எறிஞ்சான். அப்பவும் அவனைத்தான் முதல் எடுத்தினம். நான் உடுப்பை மாத்திக்கொண்டு பஸ்ஸுக்கு நிக்கேக்க, என்னையும் எடுத்திருக்கினம் எண்டு ஃபோன் வந்தது. எனக்குச் சந்தோசம் பிடிபடேல்லை. கடைசியில என்ர திறமையை ஒருத்தராவது கண்டினமே எண்டு அப்டன் பார்க்கில தெரிஞ்ச கடை எல்லாத்திலயும் ஏறி இறங்கிச் சொன்னன்.

அடுத்த நாள் கையெழுத்து வைக்கப் போனன். கிளப்பின்ர மானேஜர் ஒரு பொம்பிளை, நல்ல மனுசி. என்னில என்னத்தைக் கண்டு எடுத்தனீங்கள் எண்டு வாயை வைச்சுக்கொண்டு இருக்கேலாமல் கேட்டன். அவ சிரிச்சுக்கொண்டு சொன்னா: "நீ பக்கத்தில நிண்டால் தனக்கு நல்லா வரும் எண்டு கார்த்திக் சொன்னான்."

கடைசியில என்ர முறை

ஒருத்தன் கெடுதல் செய்தால் கோவிக்கலாம். நல்லது செய்தால் என்ன செய்யிறது சொல்லுங்கோ? ஈஸ்ட் ஹாம் கோயிலில நிண்டு, அவனுக்குப் பெரிசா ஒண்டும் வேண்டாம், ஒரு சின்னச் சுளுக்குக் காணும் எண்டு கேட்டனான். கடவுள் அவசரப்படாமல் ஆறுதலாத்தான் கேட்டார். ரெண்டாவது சீசனில, மேட்சுக்கு முன்னம் உடம்பைச் சூடாக்க ஓடேக்க அவன்ர கணுக்கால் மடங்கீற்றுது. நான் கிட்டக்கூட நிக்கேல்லை.

உள்ளுக்குப் போனன். இண்டைக்குச் சொதப்பினால் அடுத்த சீசனுக்கு வேற ஆள் எண்டு மானேஜர் முகத்துக்கு நேர சொல்லிப்போட்டா. நான் எறிஞ்ச முதல் பந்து எதிரணிக்காரன்ர கையில போய் இருந்தது. சனம் "கார்த்திக், கார்த்திக்" எண்டு கத்தத் தொடங்கீற்றுது. கோதாரி, காலைத் தூக்கி வைச்சுக்கொண்டு ஐஸ் கட்டியோட இருக்கிறவனையும் விடமாட்டினமோ! அந்த ஆத்திரத்தில எனக்குப் பயம் போயிட்டுது. கடைசியா எறியிற முறை ரெண்டு தடியங்கள் என்னை நோக்கி வர வர, பந்தை விடாமல் நிண்டு, மூலையைப் பார்த்து எறிஞ்சன். எங்கட பெடியன் பாய்ஞ்சு பிடிச்சான். வெண்டிட்டம். அந்தச் சத்தத்தில என்ர பேரும் இருந்தது, என்ர காதால கேட்டன்.

திரும்பிப் பார்த்தால் கார்த்திக் கைதட்டிக்கொண்டு நிக்கிறான். வாய் மட்டும் சிரிக்குது, கண் சிரிக்கேல்லை. அந்த முகத்தை நான் ஒவ்வொரு மேட்சும் போட்டிருக்கிறன், எனக்குத் தெரியாதோ? நொண்டி நொண்டி வந்து என்னைக் கட்டிப்பிடிச்சான்: "சூப்பர்டா மச்சி! டாக்டர் சொல்லிட்டாரு, அடுத்த வாரம் நான் ரெடி, நீ ரொம்ப பழகிக்காத."

பொறாமைப்படுறதிலயாவது நான்தான் முதல் ஆள் எண்டு இவ்வளவு காலமும் நம்பியிருந்தன், அதில இறங்கின முதல் நாளே அவன் அதிலயும் என்னை ரெண்டாவது ஆளாக்கிப்போட்டான்.