பிடித்துவைத்த கடைசி மணி

மயிலாப்பூர்ப் பாத்திரக் கடையில் புளி போட்டுத் தேய்த்த பித்தளை வாசனை மூக்கில் ஏறியதும், அடையாற்றங்கரையில் எங்கள் குடிசைகளுக்கு நடுவே இருந்த காலமந்திரப் பள்ளியும், நாங்கள் முறைபோட்டுத் தேய்த்த அதன் மணியும் முன்னே வந்து நின்றன. அங்கே முதல் பாடமே மணியோசையைக் காற்றிலிருந்து பிடித்து உள்ளங்கையில் மூடுவதுதான். கையைத் திறக்கும்வரை அந்த மணி அடித்ததாகவே ஆகாது, சாப்பாட்டு நேரம் முடியும் மணியை அப்படிப் பிடித்துவைத்துக்கொண்டு ஆற்றோரம் ஆடித் தீர்ப்போம். எல்லாவற்றையும் இடிக்கப் புல்டோசர் வந்த அன்று, கடைசி மணி அடித்தபோது இடது கையால் எட்டிப் பிடித்தேன்.

"இன்னா ஆனாலும் கைய தொறக்காத, மச்சி!" என்று கத்தினாள் பக்கத்து பெஞ்சு ஷகிலா.

இப்போது அங்கே பூங்கா. பள்ளி முடிந்த கதை என்கிறார்கள், சொல்லிக்கொள்ளட்டும்.

"இடது கையில இன்னா, காயமா?" என்றார் கடைக்காரர்.

"இல்லண்ணா," என்றேன், முஷ்டியை இறுக்கியபடி. "பள்ளிக்கூடம் இன்னும் விடல."