பெயர் சொல்லாத ஒப்பாரி

புருல்சா இப்போது எந்தச் சாவு வீட்டுக்கும் வருவதில்லை. நாரின் என்கிற மலைநகரத்துக்குப் பக்கத்தில் இருக்கும் எங்கள் ஊரில் அவள் ஒப்பாரி இல்லாமல் முன்பெல்லாம் பிணம் எடுத்ததில்லை. பக்கத்து வீட்டுக்காரி என்பதால் அந்தக் குரல் எனக்கு மனப்பாடம். வாய்த்துடுக்கும் அதற்குச் சமம். "இவங்க போட்ட கறிக்கு இவ்ளோ அழுததே ஜாஸ்திடி" என்று துக்க வீட்டிலேயே சிரிக்க வைப்பாள்.

போன குளிர்காலத்தில் அவளுடைய ஒரே மகன் தாலாய் சவப்பெட்டியில் வந்தான். வெளிநாட்டில் கட்டட வேலை, சாரம் சரிந்துவிட்டது. வழக்கப்படி முற்றத்தில் துக்கக் கூடாரம் போட்டோம். புருல்சா அதன் வாசலுக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்து பாடினாள். ஒப்பாரியில் செத்தவர் பெயரை எங்கள் ஊர்ப் பெண்கள் சொல்ல மாட்டோம். "என் மலையே, என் ராஜாளியே, எங்களை யாரிடம் விட்டுப் போனாய்" என்றுதான் அழுவோம்.

அன்று காலைதான் அவன் வேலை செய்த நாட்டின் தலைவரும் இறந்திருந்தார். ஊரில் ஒருவரும் அதைச் சட்டை செய்யவில்லை. சாலையில் போன தொலைக்காட்சிக்காரர்கள் அழுகை கேட்டு வண்டியை நிறுத்தி, கூடாரத்துக்குள் கேமராவை நீட்டினார்கள். துக்கத்துக்கு வந்தவரை எப்படித் துரத்துவது? தேநீர் கொடுத்து அனுப்பினோம், முட்டாள்கள்!

மாலைச் செய்தியில் புருல்சாவின் முதுகும் குரலும் வந்தன. கீழே எழுத்து ஓடியது: 'மாபெரும் தலைவருக்காகக் கதறும் மலைநாட்டுப் பெண்கள்.' நடுநடுவே அவர் படம். ஒரு வாரம் அதையே போட்டார்கள். அந்தத் தலைவரை நாளெல்லாம் திட்டுகிற கசாப்புக்கடை அசான்குல்கூடக் கண்ணைத் துடைத்துக்கொண்டான்.

"நம்ம ஜனமே இப்படி அழுதுன்னா, நல்ல மனுஷனாத்தான் இருந்திருக்கணும்."

"அடப்பாவி, தாலாய் பெட்டிய நீயும்தானடா தூக்குன!"

"தெரியும்க்கா. ஆனா டிவில பாக்கும்போது வேற மாதிரி இருக்கு."

தொலைக்காட்சி நிலையத்துக்குப் போன் போட்டுக் கத்தினேன். "ரொம்ப நல்லா வந்திருக்கும்மா, எல்லாரும் பாராட்டுறாங்க" என்று வைத்துவிட்டார்கள்.

நாற்பதாம் நாள் மறுபடி கூடாரம் போட்டு, சாவு விருந்துக்குக் குதிரை அறுத்தோம். தாய் பாடி மகனை வழியனுப்ப வேண்டிய நாள். "என் மலையே" என்று புருல்சா எடுத்தாள். பின்னால் அடுத்த ஊர்க்காரி ஒருத்தி விம்மினாள்.

"ஐயோ, எப்பேர்ப்பட்ட தலைவரு!"

பாட்டு நின்றுவிட்டது. நான் புருல்சா அருகே நகர்ந்தேன்.

"அவ கெடக்கா. நீ உம்புள்ளய நெனச்சுப் பாடுக்கா."

அவள் என் கையை இறுகப் பிடித்தாள்.

"நெனைக்கிறேன்டி. கண்ண மூடினா அந்தாளு மூஞ்சிதான் வருது. எம்புள்ள முகம் வரவே மாட்டேங்குது."