முதுகில் இருந்த ஜிப்

ஜெர்மனியின் எசன் நகரில் பல் மருத்துவருக்காகக் காத்திருந்தபோது கைபேசியில் ஒரு முதியவரின் பேட்டியை வாசித்தேன். ஜப்பானியத் தொலைக்காட்சித் தொடரில் சிவப்பு உடுப்பும் முகமூடியும் போட்டுச் சண்டையிட்ட நடிகர். உடுப்பின் ஜிப் முதுகில் இருந்ததாம். தானே கழற்ற முடியாததால் படப்பிடிப்பு நாட்களில் தண்ணீரே குடிக்கமாட்டாராம்.

எனக்கு நாக்கு வறண்டது.

தொண்ணூறுகளில் ஹம் நகரில், அகதி விடுதியின் ஓர் அறையில் இருந்தோம். அப்பா உணவகத்தில் கோப்பை கழுவப் போய்விடுவார். அம்மா அலுவலகம் துடைக்கப் போகும்போது அக்காவையும் என்னையும் உள்ளே வைத்துப் பூட்டுவார்.

"தண்ணி குடியாதேங்கோ பிள்ளையள், கக்கூஸ் வெளியில. டிவிச் சத்தமும் வேண்டாம், தனிய விட்டிட்டுப் போனதெண்டு தெரிஞ்சிடும்."

அம்மா மேல் அந்தக் கோபம் இன்னும் போகவில்லை. வேறு வழி இருக்கவில்லை என்பதும் தெரியும்.

ஈரச் சப்பாத்து மணக்கும் அந்த அறையில், கால்களை இறுக்கிக்கொண்டு, சத்தமில்லாத திரையில் அந்தச் சிவப்பு முகமூடி வீரனைப் பார்ப்போம். அவன் எந்தச் சுவரையும் உடைத்தான். ஒருநாள் எங்கள் கதவையும் உடைப்பான் என்று அக்கா சத்தியம் செய்திருந்தாள்.

பேட்டியை வாசித்து முடித்ததும் அக்காவுக்குத் தொலைபேசி எடுத்து அதைச் சொன்னேன்.

"அப்ப, ஆரும் வந்து திறக்கட்டுமெண்டு அவனும் பாத்துக்கொண்டு நிண்டவனோ?" என்றாள்.